தேவதை உலகில் ஒரு கோடரி: 'ஐ ஹேட் ஃபேரிலேண்ட்' பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காமிக்ஸ் படிக்கிற நண்பர்களுக்கு நான் விடாமல் சிபாரிசு செய்யும் தொடர் 'ஐ ஹேட் ஃபேரிலேண்ட்'. "எனக்கு இந்தத் தேவதை உலகமே பிடிக்கல" என்பதுதான் பெயரின் அர்த்தம். வாங்கிப் படித்தவர்கள் சிலர் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சிலர் "என்னப்பா இப்படி ஒரு புத்தகத்தைக் கையில் கொடுத்துட்ட" என்று கோபித்துக்கொண்டார்கள். இரண்டு தரப்பும் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்விகளுக்கு என் பதில்களை இங்கே ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

கதை என்ன? சுருக்கமாகச் சொல்ல முடியுமா?

கெர்ட்ரூட், சுருக்கமாகக் கெர்ட், என்ற ஆறு வயதுச் சிறுமி, பச்சை முடி, சுருள் சுருளாக. மாய உலகத்துக்குப் போகணும் என்று ஆசைப்படுகிறாள். ஆசை பலித்து ஃபேரிலேண்டில் போய் விழுகிறாள். அந்த நாட்டின் ராணி கிளவுடியா அவளை வரவேற்று, வீட்டுக்குத் திரும்பும் கதவைத் திறக்க ஒரு சாவியைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டும் என்கிறாள். கையில் ஒரு வரைபடம். வழித்துணைக்கு லாரி என்ற பூச்சி. இதுவரை நாம் எத்தனையோ முறை கேட்ட கதைதான்.

அடுத்த காட்சியில் முப்பது வருடத்துக்கு நெருக்கமாக ஓடிவிட்டது. சாவி கிடைக்கவில்லை. கெர்ட்டின் மனசுக்கு முப்பது வயது தாண்டிவிட்டது, உடம்பு மட்டும் அதே ஆறு வயதில் நிற்கிறது. கையில் கோடரி. தன்னை நோக்கிச் சிரித்துக்கொண்டு வருகிற எதையும் வெட்டிப்போடும் அளவுக்கு அந்த இனிப்பு உலகம் அவளுக்குத் திகட்டிவிட்டது. கூடவே அலையும் லாரியும் சுருட்டும் கையுமாக அலுத்துப்போய்க் கிடக்கிறான். அவள் விருந்தாளி என்பதால் ராணி அவள்மேல் கைவைக்க முடியாது, அது அந்த நாட்டுச் சட்டம். ஆகவே ஹேப்பி என்ற இன்னொரு சமர்த்துக் குழந்தையை வரவழைத்து, கெர்ட்டுக்கு முன்னால் அவளைச் சாவியை எடுக்கவைக்கப் பார்க்கிறாள். முதல் ஐந்து இதழ்களின் ஓட்டம் இதுதான். முடிவைச் சொல்ல மாட்டேன்.

அட்டையைப் பார்த்தால் குழந்தைகள் புத்தகம் மாதிரி இருக்கிறதே. பிள்ளைக்கு வாங்கித் தரலாமா?

வேண்டாம். பெரியவர்களுக்காகவே எழுதப்பட்டது. கடையில் அடுக்குகிறவர்களே அட்டையைப் பார்த்து ஏமாந்து குழந்தைகள் பகுதியில் வைத்துவிட வாய்ப்பு உண்டு. வாங்குவதற்கு முன் உள்ளே நாலு பக்கம் புரட்டிப் பாருங்கள். பதினைந்து, பதினாறு வயதுப் பிள்ளைகள் விஷயத்தில் வீட்டுக்கு வீடு முடிவு வேறுபடும். ஆறு வயது, எட்டு வயது என்றால் யோசிக்கவே தேவையில்லை, மேல் அலமாரியில் வையுங்கள்.

யார் வரைந்தது?

ஸ்காட்டி யங். எழுத்தும் ஓவியமும் அவரே. வண்ணம் ழான்-ஃபிரான்சுவா போலியூ, எழுத்து வடிவமைப்பு நேட் பீகோஸ். அமெரிக்காவின் இமேஜ் காமிக்ஸ் நிறுவனம் 2015 அக்டோபரில் முதல் இதழை வெளியிட்டது.

யங்கைப் பற்றி ஒரு விஷயம் தெரிந்தால்தான் இந்தத் தொடரே புரியும். இதற்கு முன் பல வருடங்கள் அவர் மார்வெல் நிறுவனத்துக்காக ஆஸ் என்ற மாய நாட்டுக் கதைகளை வரைந்துகொண்டிருந்தார். டோரத்தி, வைக்கோல் மனிதன், தகர மனிதன் வரும் அதே கதைகள். எரிக் ஷனோவர் எழுத, யங் வரைய, ஆறு நாவல்கள் காமிக்ஸாக வந்தன. முதல் நாவலின் காமிக்ஸ் வடிவம் 2010-ல், காமிக்ஸுக்கென்றே தரப்படும் ஐஸ்னர் விருதுகளில் இரண்டை வாங்கியது, அதில் ஒன்று சிறந்த குழந்தைகள் வெளியீட்டுக்கானது. அந்த ஆஸ் பக்கங்களுக்கு வண்ணம் தீட்டியவரும் இதே போலியூதான். ஒரு தேவதை நாட்டை அன்போடு கட்டியெழுப்பிய அதே இரண்டு கைகள்தான் இந்தத் தேவதை நாட்டைத் துண்டு துண்டாக்குகின்றன. வெறுப்பில் வரைந்தவராக இருந்தால் காளான் வீடுகளை இவ்வளவு ஆசையாக வரைந்திருக்க முடியாது. ஒவ்வொரு காளானுக்கும் தனி முகம், தனிப் பல்வரிசை, தனிச் சிரிப்பு. இரண்டு கட்டம் தள்ளிச் சாகப்போகிற பாத்திரத்துக்கும் அதே உழைப்பு.

சரி, எதற்கு இவ்வளவு ரத்தம்? இதில் சிரிக்க என்ன இருக்கிறது?

அதிகம் வரும் கேள்வி இதுதான். பதிலுக்கு ஒரே ஒரு காட்சியைக் கிட்டத்தில் வைத்துப் பார்ப்போம்.

முதல் இதழில் கதை சொல்கிறவர் நிலா. வானத்தில் வட்டமுகத்தோடு தொங்கிக்கொண்டு, பழைய கதைப்புத்தக நடையில், "அந்தச் சிறுமி எப்படியெல்லாம் பயணித்தாள் தெரியுமா" என்கிற தொனியில் சொல்லிக்கொண்டே போகிறது. கெர்ட்டுக்கு அந்தக் குரல் பொறுக்கவில்லை. பீரங்கியைத் திருப்பி நிலாவைச் சுட்டுவிடுகிறாள். கதைசொல்லியே காலி.

நமக்கு நிலா என்றால் சோறூட்டும்போது அம்மா காட்டியது. அந்தப் பக்கத்தைப் பார்த்ததும் முதலில் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது, அப்புறம்தான் சிரிப்பு வந்தது. ஏன் சிரித்தேன் என்று யோசித்தபோது பிடிபட்டது இது: அவள் சுட்டது நிலாவை அல்ல. தன் வாழ்க்கையைத் தன்னைக் கேட்காமல் இனிப்பாக மாற்றிச் சொல்லிக்கொண்டே இருக்கும் ஒரு குரலைச் சுட்டாள். முப்பது வருடக் கஷ்டத்தை யாரோ ஒருவர் "ஒரே ஒரு ஊரிலே" என்று ஆரம்பித்தால் நமக்கும் எரிச்சல் வரும்.

இன்னொன்று, வரையும் விதம். யங்கின் கோடு ரப்பர் மாதிரி வளைகிறது. கண் முகத்தைவிடப் பெரிதாக வீங்குகிறது, வாய் காதைத் தாண்டி விரிகிறது. இப்படிப்பட்ட உடம்பு வெட்டுப்பட்டாலும் வலி நம்மிடம் வந்து சேர்வதில்லை. இதே காட்சிகளை நிஜ மனிதர்களைப் போல, நிழலும் நரம்புமாக ஒருவர் வரைந்திருந்தால் இரண்டாம் பக்கத்தில் புத்தகத்தை மூடியிருப்பேன்.

காமிக்ஸ் என்ற வடிவத்துக்கும் இதில் பங்கு உண்டு. காமிக்ஸ் ஓவியர் ஸ்காட் மெக்ளவுட் 1993-ல் வெளியிட்ட 'அண்டர்ஸ்டாண்டிங் காமிக்ஸ்' நூலில் ஒரு எடுத்துக்காட்டு தருகிறார். ஒரு கட்டத்தில் ஓங்கிய கோடரி, அடுத்த கட்டத்தில் இருட்டில் ஒரு அலறல். வெட்டு விழும் கணம் எங்கும் வரையப்படவில்லை. இரண்டு கட்டங்களுக்கு நடுவே இருக்கும் வெள்ளை இடைவெளியில், வாசகர்தான் கோடரியை இறக்குகிறார். யங் பல இடங்களில் நேரடியாகவே காட்டிவிடுகிறார் என்பது உண்மை. ஆனாலும் அவருடைய மிகச் சிறந்த நகைச்சுவை பக்கம் திரும்பும் இடத்தில்தான் இருக்கிறது. வலப்பக்கக் கடைசிக் கட்டத்தில் ஒரு குட்டி உயிர் கண்ணை உருட்டி "உனக்கு உதவட்டுமா?" என்று கேட்கும். பக்கத்தைத் திருப்பும் அந்த அரை நொடியில் நடக்கப்போவது நமக்கே தெரிந்துவிடும். திருப்புவது நம் விரல்தான்.

கெர்ட் கெட்டவளா?

ஆமாம், கொலைகாரி. அதை மறைக்கத் தேவையில்லை. ஆனால் அவள் கோபத்தில் நியாயம் இருக்கிறது. நான் இந்தத் தொடரை விட முடியாமல் போனதற்கு அதுவே காரணம்.

அவளை எல்லாரும் கன்னத்தைக் கிள்ளுகிறார்கள். எல்லாரும் "செல்லம்" என்கிறார்கள். அவள் சொல்வதை யாரும் பெரிய மனுஷியின் பேச்சாக எடுத்துக்கொள்வதில்லை. மனசு வளர்ந்துவிட்டது, உலகம் வளரவிடவில்லை. குழந்தையாகவே இருக்கத் தடுத்துவைக்கப்பட்ட ஒருவருடைய கோபம் அது. முப்பது வயது தாண்டியும் வீட்டில் "உனக்கு ஒண்ணும் தெரியாது, சும்மா இரு" என்று கேட்டுப் பழகியவர்கள், முக்கியமாகப் பெண்கள், இந்தப் புத்தகத்தை என்னைவிடச் சீக்கிரம் புரிந்துகொண்டார்கள். "கோடரி ஒண்ணுதான் குறைச்சல்" என்றாள் என்னுடன் படித்த தோழி ஒருத்தி, புத்தகத்தைத் திருப்பித் தரும்போது.

இது நல்ல குழந்தைக் கதைகளைக் கேவலப்படுத்துவது இல்லையா?

அந்த நல்ல குழந்தைக் கதைகளை மூலத்தில் படித்துப் பாருங்கள் என்பதே என் பதில்.

ஆஸ் நாட்டிலிருந்தே தொடங்கலாம். எல். ஃபிராங்க் பாம் 1900-ல் எழுதிய நாவலின் முன்னுரையில், பழைய தேவதைக் கதைகளில் இருந்த கொடூரங்களும் கெட்ட கனவுகளும் தன் கதையில் இருக்காது, மகிழ்ச்சி மட்டுமே இருக்கும் என்கிறார். மனசாரத்தான் சொல்லியிருப்பார். அதே நூலில் மேற்கத்திய சூனியக்காரி நாற்பது ஓநாய்களை ஏவுகிறாள். தகர மனிதன் கோடரியால் ஒவ்வொன்றின் தலையையும் வெட்டிக் குவிக்கிறான். அடுத்து நாற்பது காகங்கள் வருகின்றன. வைக்கோல் மனிதன் ஒவ்வொன்றாகப் பிடித்துக் கழுத்தைத் திருகுகிறான். அந்தத் தகர மனிதனே முன்பு சதையும் ரத்தமுமாக இருந்த மரவெட்டிதான். மந்திரம் வைத்த கோடரி அவனுடைய கால், கை, தலை என்று ஒவ்வொன்றாக வெட்ட, வெட்டிய இடத்திலெல்லாம் தகரம் வைத்துவைத்து முழுத் தகரமானவன். கெர்ட்டின் கோடரி எங்கிருந்து வந்தது என்று நான் ஊகிப்பது இங்கிருந்துதான். இது என் ஊகம் மட்டுமே, யங் சொன்னதாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

பீட்டர் பான் கதைக்கு வருவோம். ஜே. எம். பாரியின் 1911 நாவலில், பீட்டரோடு மாயத் தீவில் வாழும் 'தொலைந்த பையன்கள்' வளர ஆரம்பித்தால் அது விதிமீறல், பீட்டர் அவர்களை 'குறைத்துவிடுவான்' என்று ஒரு வரி போகிறபோக்கில் வருகிறது. வயலில் பயிர் கலைப்பதற்குச் சொல்கிற மாதிரியான சொல். எப்படிக் குறைப்பான் என்று பாரி விளக்கவே இல்லை. வளரக் கூடாது என்பது சட்டமாக இருக்கும் நாடு எவ்வளவு பயங்கரமானது என்பதை அந்த ஒரே வரி சொல்லிவிடுகிறது. கெர்ட்டின் கதை அந்த வரியை எடுத்து இருபது இதழ்களுக்கு நீட்டியது போல எனக்குத் தோன்றும்.

இத்தாலியில் கார்லோ கொலோடி 1881 முதல் சிறுவர் இதழ் ஒன்றில் தொடராக எழுதிய மரப்பொம்மைக் கதையான பினோக்கியோவில், அறிவுரை சொல்லும் சில்வண்டைப் பினோக்கியோ சுத்தியலை எறிந்து கொன்றுவிடுகிறான். முதலில் கதை முடிந்ததே, அவன் ஓக் மரத்தில் தூக்கில் தொங்கும் இடத்தில்தான். வாசகர்கள் விடாமல் கேட்டதால் பிறகு நீண்டது.

ஜெர்மனியின் கிரிம் சகோதரர்கள் 1812-ல் வெளியிட்ட தேவதைக் கதைகளின் முதல் தொகுதியில், குழந்தைகள் கசாப்புக்கடை விளையாட்டு விளையாடி ஒரு குழந்தை இன்னொன்றின் கழுத்தை அறுக்கும் கதை இருந்தது. 1819-ல் வந்த இரண்டாம் பதிப்பில் எடுத்துவிட்டார்கள். வெண்பனிச் சிறுமியை, அதாவது ஸ்னோ ஒயிட்டை, கொல்லச் சொன்னவள் முதல் பதிப்பில் பெற்ற தாய். 1819-ல் மாற்றாந்தாய் ஆக்கிவிட்டார்கள். கடைசியில் அவளுக்குப் பழுக்கக் காய்ச்சிய இரும்புச் செருப்பை மாட்டி, சாகும்வரை ஆடவைக்கும் தண்டனையை மட்டும் அப்படியே விட்டுவைத்தார்கள். தாயை மாற்றியவர்களுக்குத் தண்டனையை மாற்றத் தோன்றவில்லை என்பது என்னை இன்றும் யோசிக்கவைக்கிறது.

கத்தரித்து, சர்க்கரைப் பாகில் தோய்த்து நம் கையில் வந்த வடிவத்தைத்தான் நாம் அசல் என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். யங் கேலி செய்வது அந்தச் சர்க்கரைப் பாகை.

கெட்ட வார்த்தைகள் நிறைய இருக்குமா?

ஒன்றுகூட இருக்காது. ஃபேரிலேண்டில் திட்டினால் இனிப்பான சொல்லாகத்தான் வெளியே வரும். கெர்ட் தொண்டை கிழியக் கத்துவது "ஃபிளஃப்!" என்று. பஞ்சு, பொசுபொசு என்று அர்த்தம். 'ஹக்' என்பது இன்னொன்று, அணைப்பு. வாய்விட்டுத் திட்டும் உரிமையைக்கூட அந்த நாடு அவளுக்குத் தரவில்லை. நன்றாகச் சிரிக்கவைக்கிற இடம் இது, கூடவே வயிற்றில் ஏதோ பிசையும்.

தமிழில் எப்படி வரும் என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க முயன்று பார்த்தேன். 'நாசமாப் போறவனே' என்ற தாளம் வர வேண்டும், சொல் மட்டும் பாப்பா சொல்லாக இருக்க வேண்டும். "பஞ்சாப் போறவனே!" என்பதில் வந்து நின்றேன். "உன் மிட்டாய்ல மண்ணு விழ" என்பதும் மோசமில்லை. யாராவது முறையாக உரிமை வாங்கித் தமிழில் கொண்டுவந்தால் மொழிபெயர்ப்பாளருக்கு இது பெரிய விருந்து.

இப்படிப்பட்ட காமிக்ஸுக்கு அமெரிக்காவில் தடை கிடையாதா?

ஒரு காலத்தில் இருந்தது, அரசுத் தடையாக அல்ல. ஃபிரெட்ரிக் வெர்தம் என்ற மனநல மருத்துவர், காமிக்ஸ் பிள்ளைகளைக் கெடுக்கிறது என்று 1954-ல் புத்தகம் எழுதினார். அதே வருடம் செனட் துணைக்குழு விசாரித்தது. பயந்துபோன பதிப்பாளர்கள் தாங்களே சேர்ந்து 'காமிக்ஸ் கோட்' என்ற கட்டுப்பாட்டைக் கொண்டுவந்தார்கள். அந்த முத்திரை அட்டையில் இல்லாவிட்டால் விநியோகஸ்தர்கள் எடுக்க மாட்டார்கள். திகில் காமிக்ஸில் கொடிகட்டிப் பறந்த ஈ.சி. நிறுவனம் அதோடு அந்தத் தொழிலையே விட்டது. மார்வெல் 2001-ல்தான் அந்த முத்திரையைக் கைவிட்டது, கடைசியாக 2011-ல் டி.சி., ஆர்ச்சி நிறுவனங்களும்.

இமேஜ் காமிக்ஸ் 1992-ல் மார்வெலை விட்டு வெளியேறிய ஓவியர்கள் தொடங்கியது. அங்கே படைப்பின் உரிமை படைத்தவருக்கே. நிலாவைச் சுடலாமா என்று யங் யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியிருக்கவில்லை.

எங்கிருந்து தொடங்குவது?

முதல் தொகுதி 'மேட்லி எவர் ஆஃப்டர்'. முதல் சுற்று இருபது இதழ்கள், 2018-ல் முடிந்தது, நான்கு தொகுதிகளாகக் கிடைக்கிறது. 2022 நவம்பரில் தொடர் மறுபடி தொடங்கியது. எழுத்து யங், ஓவியம் பிரெட் பீன். முதல் சுற்றை முடித்துவிட்டு அதற்குப் போங்கள்.

எனக்கு நடுவில் சலித்துவிட்டது. நான் தப்பாகப் படிக்கிறேனா?

இல்லை. எனக்கும் சலித்தது. ஒரே தமாஷ்: அழகான ஏதோ வருகிறது, கெர்ட் அதைக் கொல்கிறாள். ஐந்து இதழ்களுக்குத் தாங்கும், பத்துக்குத் தாங்காது. இரண்டாம் தொகுதியில் அந்தத் தொய்வு நன்றாகவே தெரிகிறது. மாதம் ஒன்றாக வந்தபோது உறுத்தியிருக்காது. மொத்தமாக உட்கார்ந்து படித்தால் திகட்டும். ஆகவே ஒரே மூச்சில் படிக்காதீர்கள். மூன்றாம் தொகுதியில் கெர்ட் நல்லவளாக முயற்சி செய்கிறாள், அங்கே கதை மறுபடி உயிர் பெறுகிறது. கொல்வதைவிட, கொல்லாமல் இருக்க அவள் படும் பாடு பெரிய நகைச்சுவை.

இதே வகையில் வேறு என்ன படிக்கலாம்?

ஒன்றே ஒன்று சொல்ல வேண்டுமென்றால் 'ஜோலி தெனெப்ர்'. அழகிய இருட்டு என்று சொல்லலாம். ஃபாபியன் வேல்மான் எழுத்து, கெராஸ்கோயெட் என்ற புனைபெயரில் வரையும் தம்பதியின் ஓவியம். 2009-ல் பிரெஞ்சில் வந்தது, 2014-ல் ஆங்கிலத்தில். அரோர் என்ற குட்டிப் பெண் ஓர் இளவரசனோடு தேநீர் குடித்துக்கொண்டிருக்கிறாள். மேலிருந்து சிவப்பாக ஏதோ ஒழுகுகிறது. எல்லாரும் முட்டிமோதி வெளியே ஓடுகிறார்கள். வெளியே காடு, மழை. அவர்கள் வெளிவந்தது காட்டில் இறந்துகிடக்கும் ஒரு பள்ளிச் சிறுமியின் உடலிலிருந்து என்பது அப்போதுதான் முழுப் பக்கத்தில் தெரிகிறது. அந்தக் குழந்தை எப்படி இறந்தாள் என்று புத்தகம் சொல்வதே இல்லை. பருவங்கள் மாறுகின்றன, உடல் மண்ணோடு கலக்கிறது. குட்டி மனிதர்கள் ஒருவரையொருவர் தின்று, ஏமாற்றி, மறந்து வாழ்கிறார்கள், மென்மையான நீர்வண்ணத்தில். இதில் ஃபேரிலேண்ட் மாதிரிச் சிரிப்பு வராது. ஒரு தடவைதான் படித்தேன், இரண்டாம் முறை எடுக்கத் தைரியம் வரவில்லை. அவ்வளவு நல்ல புத்தகம்.

வின்ஷ்லுஸ் வரைந்த பினோக்கியோவும் இருக்கிறது. மரப்பொம்மைக்குப் பதில் போருக்குச் செய்யப்பட்ட இரும்புப் பொம்மை, சில்வண்டுக்குப் பதில் அதன் தலைக்குள் குடியிருக்கும் கரப்பான்பூச்சி. 2009-ல் பிரான்சின் ஆங்குலெம் காமிக்ஸ் விழாவின் முதல் பரிசு அதற்குத்தான். ரெஜிஸ் லுவாசெலின் ஆறு ஆல்பம் பீட்டர் பான் நீளமானது, அழுக்கு லண்டனில் தொடங்குவது. பொறுமை உள்ளவர்களுக்கு.

குழந்தை தெரியாமல் எடுத்துப் பார்த்துவிட்டால்?

என் வீட்டிலேயே நடந்தது. முதல் தொகுதியை மேசைமேல் வைத்துவிட்டுக் குளிக்கப் போனேன். அக்கா மகள், அப்போது ஒன்றாம் வகுப்பு, அட்டையில் இருந்த பச்சை முடியைப் பார்த்து எடுத்துவிட்டாள். நான் வரும்போது தரையில் குப்புறப்படுத்துப் புரட்டிக்கொண்டிருந்தாள். பிடுங்கவில்லை, பிடுங்கினால் அதுதான் மனசில் நிற்கும். பக்கத்தில் உட்கார்ந்து, "இது மாமா மாதிரிப் பெரியவங்க படிக்கிறது குட்டி, உனக்கு வேற தர்றேன்" என்று மெதுவாக மூடினேன். அக்காவிடமும் மறைக்காமல் சொன்னேன். நன்றாகத் திட்டு வாங்கினேன், வாங்க வேண்டியதுதான்.

ராத்திரி பயப்படுவாளோ என்று கவலையாக இருந்தது. நிலாவைப் பற்றிக் கேட்பாள், ரத்தத்தைப் பற்றிக் கேட்பாள் என்று பதில்களைத் தயார் செய்து வைத்திருந்தேன். எழுத்துக்கூட்டி ஆங்கிலம் படிக்க அவளுக்கு வராது, படத்தை மட்டும்தான் பார்த்திருக்கிறாள். சாப்பிடும்போது ஒரே ஒரு கேள்வி கேட்டாள்.

"மாமா, அந்தப் பாப்பாவை அவங்க அம்மா தேடலயா?"

"தேடிட்டுத்தான் இருப்பாங்க" என்றேன். தட்டில் இருந்த அப்பளத்தை இரண்டாக உடைத்து ஒரு பாதியை எனக்குக் கொடுத்தாள்.